லீலாபாய் கேட்டனுப்பிய கேள்வி

நன்னடத்தை அலுவலர் வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களிடம் யாராவது இதற்குள் சொல்லியிருப்பார்கள், இது உட்கார்ந்து பார்க்கிற வேலை என்று. நம்பாதீர்கள். அப்படிச் சொன்னவர் நாற்காலியை விட்டு எழுந்திருக்காதவராக இருப்பார். ஒரு குற்றவாளி எப்படிப்பட்டவன், எந்தச் சூழலில் வளர்ந்தவன், திருந்தக்கூடியவனா என்று நேரில் விசாரித்து நீதிமன்றத்துக்கு அறிக்கை தருவது நம் வேலை. பெரும்பாலும் சின்ன வழக்குகள்தான். பைக்கைத் திருடினவன், குடித்துவிட்டு மைத்துனன் மண்டையை உடைத்தவன். அதில் ஒரு வரி கூடக்குறைய எழுதினாலும் பெரிதாக ஒன்றும் கவிழ்ந்துவிடாது. ஆனால் இப்போதெல்லாம் மரண தண்டனை வழக்குகளிலும் நம்மைக் கேட்கிறார்கள். தூக்கை உறுதி செய்வதற்கு முன்னால், அந்த ஆள் சிறையில் மாறியிருக்கிறானா என்று தெரிந்துகொள்ள மேல் நீதிமன்றம் நம் அறிக்கையை வாங்கிப் பார்க்கிறது. அப்படி ஒன்று, நான் ஓய்வுபெறப் போகிற நேரத்தில் என் தலையில் வந்து விழுந்தது. நானாகக் கேட்டு வாங்கவில்லை. கூட வேலை பார்த்தவர்கள் சாமர்த்தியமாக விடுப்பில் போய்விட்டார்கள்.

அவன் பெயரைத் தேவசிங் என்று வைத்துக்கொள்ளுங்கள். அருமனைப் பக்கத்துக்காரன். கூலி வாங்கிக்கொண்டு ஆளை அடிக்கவும் வெட்டவும் போகிற கும்பலுக்குத் தலைவன். எங்கள் மாவட்டத்தின் மேற்குப் பகுதியில் இதைக் கொட்டேஷன் என்பார்கள், ஏதோ வீட்டுக்கு ஓடு வேய விலை சொல்வதுபோல. ரப்பர் ஷீட் வாங்கி விற்கும் ஒரு கடைக்காரர், தன் கடை வாசலில் இந்தக் கும்பல் செய்த கொலை ஒன்றைப் பார்த்துவிட்டார். கோர்ட்டில் வந்து சொல்வேன் என்றும் சொல்லிவிட்டார். ஒருநாள் காலை அவர் கடை திறக்கும்போது வந்து வெட்டினார்கள். ஷட்டரைத் தூக்கிக் கொடுக்கக் கூடப் போயிருந்த மகன் சுஜினையும் வெட்டினார்கள். பிளஸ் டூ படித்துக்கொண்டிருந்த பையன்.

அன்றைக்கு அந்த ஊரிலேயே தான் இல்லை என்பதுதான் தொடக்கத்திலிருந்தே தேவசிங்கின் வாதம். விசாரணை நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. தூக்கு என்று தீர்ப்பானது. மேல்முறையீட்டிலும் அதே வாதத்தைத்தான் அவன் வக்கீல் பிடித்துக்கொண்டிருந்தார். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் எல்லாம் இதில்தான் வந்து நின்றது.

சிறைக்குப் போனேன். அங்கே எல்லோரும் அவனைப் புகழ்ந்தார்கள். தையல் படித்து மற்றவர்களுக்கும் சொல்லிக்கொடுக்கிறானாம். ஞாயிற்றுக்கிழமை ஜெபக்கூட்டத்தில் பாடுகிறானாம். எல்லாவற்றுக்கும் மேலாக, அவன் இருக்கிற பிளாக்கில் சண்டையே கிடையாதாம். அவன் வந்த பிறகு அங்கே லத்தி எடுக்கவே வேலையில்லை என்று ஒரு அதிகாரி மகிழ்ச்சியோடு சொன்னார். இதைவிட என்ன வேண்டும், எழுதிவிடுங்கள் மேடம் என்றார்.

நம் ஆட்கள் வழக்கமாக வழுக்கி விழுகிற இடம் இதுதான். கைதி மேல் புகார் இல்லை, பிளாக் அமைதியாக இருக்கிறது, ஆகவே ஆள் திருந்திவிட்டான் என்று கண்ணை மூடிக்கொண்டு எழுதுவோம். ஆனால் ஒரு கும்பல் தலைவன் இருக்கிற இடம் அமைதியாக இருந்தால் அதற்கு இரண்டு காரணம் இருக்கலாம். அவன் திருந்தியிருக்கலாம். அல்லது அவன் இன்னும் தலைவனாகவே இருக்கலாம். வெளியே இருந்தபோதும் அவன் தெருவில் ஒரு சத்தம் கேட்டிருக்காது. அதனால் நான் அவனுக்கு வேண்டியவர்களைத் தேடவில்லை. அவனுக்கு அடங்காத ஒருவன் இந்த பிளாக்கில் உண்டா, அவன் கதி என்ன என்று கேட்டேன். அந்த அதிகாரிக்கு என்மேல் எரிச்சல் வந்தது. வெளிக்காட்டாமல் ஒருவனைக் கூட்டிவந்தார்.

முட்டத்துக்காரன். கடற்கரையில் நடந்த ஒரு அடிதடியில் உள்ளே வந்தவன். ஒருநாள் சாப்பாட்டு வரிசையில் தேவசிங் முகத்தில் குழம்போடு தட்டை வீசியிருக்கிறான். பிறகு உன்னை என்ன செய்தார்கள் என்று கேட்டேன். அவன் சிரிக்கவில்லை.

"ஒண்ணும் செய்யல்ல மேடம். அவனுக்க ஆளுக எழும்பிட்டானுவ. அவன்தான் கையக் காட்டி இருக்கச் சொன்னான். அதுக்குப் பிறகு அவனுக்க ஆளுகளே அவன்கிட்ட பேச்சு இல்ல. நான் மட்டும் இப்பவும் சுவரோட முதுக ஒட்டித்தான் படுப்பேன்."

இதை வைத்து என்ன எழுதுவது? அடிக்கவில்லை, சரி. ஆனால் கையைக் காட்டினதும் உட்கார்ந்தார்களே. அந்தக் கைக்கு இன்னும் அதிகாரம் இருந்திருக்கிறது. அதை வைத்து அவன் செய்தது நல்ல காரியம், அதற்காக அவன் தன் ஆட்களையும் இழந்திருக்கிறான். ஆனாலும் தட்டை வீசினவனுக்குத் தூக்கம் வரவில்லை. பேருந்தில் திரும்பும்போது வள்ளியூர் தாண்டும்வரை இதையே மாற்றி மாற்றி யோசித்தேன். ஒரு பக்கமும் சாயவில்லை.

தேவசிங்கோடும் அன்றைக்குப் பேசினேன். மரியாதையாகப் பேசினான். தன் பழைய வாழ்க்கை பாவம் என்றான். வருந்துகிறேன் என்றான். எதற்காக வருந்துகிறாய் என்று கேட்டால் 'எல்லாத்துக்கும்' என்றான். இந்த 'எல்லாத்துக்கும்' என்கிற சொல்லை நான் பணிக்காலம் முழுவதும் கேட்டு அலுத்தவள். எல்லாவற்றுக்கும் வருந்துகிறவன் பெரும்பாலும் குறிப்பாக எதற்கும் வருந்துவதில்லை.

கொலையுண்டவர் வீட்டுக்குப் போவதைச் சிலர் தவிர்ப்பார்கள். நம்மை நீதிமன்றம் கேட்டது கைதியைப் பற்றித்தானே என்பார்கள். நான் போவேன். அருமனையிலிருந்து உள்ளே போகிற சாலையில், ரப்பர் தோட்டங்களுக்கு நடுவே லீலாபாயின் வீடு. கடைக்காரரின் மனைவி, சுஜினின் அம்மா. கடையை விற்றுவிட்டு, வீட்டைச் சுற்றி இருக்கிற ரப்பர் மரங்களைத் தானே கீறிப் பால் எடுத்துப் பிழைக்கிறார். நான் போனபோது முற்றத்துக் கொடியில் ஷீட் காயப்போட்டுக்கொண்டிருந்தார். நான் யார், எதற்கு வந்திருக்கிறேன் என்று சொன்னேன். நிறுத்தாமல் கடைசி ஷீட்டையும் விரித்துப் போட்டுவிட்டுத்தான் என் பக்கம் திரும்பினார்.

"அவன் திருந்திட்டானான்னு பாக்க வந்தியளா?" என்றார்.

ஆமாம் என்றேன்.

"திருந்தினா எனக்கு என்ன? எனக்க மோன் திருந்தத்தக்க ஒரு தப்பு செய்யுத வயசுக்கே வரல்ல."

எனக்குத் தூக்கு தண்டனையில் நம்பிக்கை கிடையாது, அன்றைக்கும் கிடையாது. மேடையில் ஏற்றிவிட்டால் அதைப் பற்றி மூச்சுவிடாமல் பேசுவேன். அந்த முற்றத்தில் நின்று அதில் ஒரு வார்த்தை சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. அவனுக்குத் தூக்குதான் வேண்டுமா என்று மட்டும் கேட்டேன். அதற்காகத்தான் தினமும் ஜெபிக்கிறேன் என்றார். அதையும் எழுதிக்கொள்ளச் சொன்னார்.

நான் கிளம்பும்போது கூடவே சாலைவரை வந்தார். அங்கே வைத்துத்தான் அதைக் கேட்டார். அவர் வீட்டுக்காரர் ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியில் இறந்தவர். அவரோடு இரண்டு வார்த்தை பேச முடிந்ததாம். பையன் கடை வாசலிலேயே போய்விட்டான். பக்கத்துக் கடைகள் அப்போது திறக்கவில்லை.

"அவன் கடைசியா எதாவது சொன்னானான்னு எனக்கு ஆரும் சொல்லல்ல. என்னக் கூப்பிட்டானா, அழுது கரஞ்சானா, ஒண்ணும் தெரியாது. கோர்ட்டுல இத ஆரு கேப்பா? அவன்கிட்ட நீங்க கேப்பியளா?"

கேட்கிறேன் என்று சொல்லிவிட்டேன். பேருந்தில் ஏறி உட்கார்ந்த பிறகுதான் எதற்கு ஒப்புக்கொண்டோம் என்பது புரிந்தது. அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டுமானால் அவன் அங்கே இருந்திருக்க வேண்டும். பதில் சொன்னால், ஊரிலேயே இல்லை என்ற வாதம் அந்த நிமிடமே செத்துப்போகும். அந்த வாதம் போனால் கயிறு நெருங்கும். பதில் தெரியாது என்று அவன் சொல்லிவிட்டால், அவன் திருந்திவிட்டதாக நான் எப்படி எழுதுவது? தன் உயிரைப் பிடித்துக்கொண்டிருக்கிற ஒருவனிடம், நீ நல்லவன் என்பதைக் காட்ட அதை விட்டுவிடு என்று கேட்க எனக்கு என்ன உரிமை?

மேலதிகாரியிடம் போனேன். நல்ல மனிதர், ஆனால் கோப்பு நகர வேண்டும் என்பதுதான் அவருக்கு வேதம். சம்பவத்தைப் பற்றிப் பேசுவது நம் வேலை இல்லை, நடத்தையை மட்டும் பாருங்கள் என்றார். திருந்தினான், திருந்தவில்லை, இரண்டில் ஒன்றை எழுதிக் கையெழுத்துப் போடுங்கள் என்றார். வீட்டில் என் கணவர் வேறு மாதிரி. சாதத்தில் ரசத்தை ஊற்றிக்கொண்டே, அப்பனையும் மகனையும் வெட்டினவன் எத்தனை சட்டை தைத்துக் கொடுத்தால் கணக்குச் சரியாகும் என்று கேட்டார். சாகடித்துவிட்டால் மட்டும் சரியாகிவிடுமா என்று நான் கேட்டேன். சரியாகாது, ஆனால் முடிந்துபோகும் என்றார். யாருக்கு முடிந்துபோகும் என்று கேட்டதும் தட்டோடு எழுந்துவிட்டார். அன்றைக்கு இருவரும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டுதான் படுத்தோம்.

யோசித்து ஒரு முடிவுக்கு வந்தேன். கேள்வியைக் கொண்டுபோவேன். ஆனால் ஒளித்து எதையும் கொண்டுவர மாட்டேன். லீலாபாய்க்கு நான் சொல்கிற எதையும் நீதிமன்றத்துக்கும் எழுதுவேன். இதைத் தேவசிங்கிடம் முதலிலேயே சொல்லிவிடுவேன். வக்கீலைக் கேட்டுக்கொள்ளவும் சொல்வேன். அதற்குப் பிறகு பேசுவதோ பேசாமலிருப்பதோ அவன் பாடு. பேசாமலிருந்தால், அதை அவனுக்கு எதிராக ஒரு எழுத்துகூட எழுத மாட்டேன். அது அவனுக்குச் சட்டம் கொடுத்த உரிமை.

மறுபடி சிறைக்குப் போனேன். கதவுக்கு வெளியே காவலர் நின்றார். நான் சொல்ல வேண்டியதையெல்லாம் சொன்னேன், இரண்டு முறை சொன்னேன். அதன் பிறகுதான் கேள்வியைச் சொன்னேன். உன்னிடம் சுஜினின் அம்மா கேட்கச் சொன்னார், அவன் கடைசியாக என்ன சொன்னான் என்று.

அவ்வளவு நேரம் கைகட்டி நின்றவன் கைகளைத் தொங்கவிட்டான். முகம் வெளிறிவிட்டது. சுஜின் என்கிற பெயரை அவன் முன்னால் யாரும் அப்படிச் சொல்லியிருக்க மாட்டார்கள் என்று தோன்றியது. கோர்ட்டில் அந்தப் பையன் 'இரண்டாவது இறந்தவர்' மட்டும்தான்.

வக்கீலிடம் கேட்டுவிட்டுச் சொல்கிறேன் என்றான். நியாயம்தானே, எழுந்துவிட்டேன். எனக்குக் கொஞ்சம் நிம்மதியாகக்கூட இருந்தது, மறைப்பானேன். காவலர் கதவைத் திறந்துவிட்டார். அப்போது பின்னாலிருந்து கூப்பிட்டான்.

"மேடம், கொஞ்சம் வெள்ளம் குடிச்சுட்டு சொல்லட்டா?"

தண்ணீர் வந்தது. குடித்தான். நான் மறுபடி உட்கார்ந்தேன். யோசித்துக்கொள், இன்றைக்கே சொல்லவேண்டும் என்று இல்லை என்றேன். தலையை ஆட்டிவிட்டுத் தொடங்கினான். பாதியை அவன் சொன்னபடி உங்களுக்குச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. சுருக்கம் இதுதான். அவன் ஊரில் ஒரு வாலிபால் கிளப் இருந்தது. கும்பலுக்குத் தலைவன் ஆவதற்கு முன்னால் அவன் அந்த அணியின் கேப்டன். மைதானத்துக்கு வெளியே ரப்பர் காட்டுக்குள் விழுகிற பந்தை ஓடிப்போய் எடுத்துவரும் சின்னப் பையன்களில் ஒருவன் சுஜின். அன்றைக்குக் காலை முகத்தில் துணி கட்டித்தான் போயிருக்கிறார்கள். அப்பாவை வெட்டும்போது பையன் குறுக்கே வந்து இவன் கையைப் பிடித்திருக்கிறான். கூட வெட்டினவர்கள் அதற்குள் வண்டியை எடுக்க ஓடிவிட்டார்களாம், வாசலில் இவன் மட்டும்தான். பையன் பிடித்தபடியே இவன் முகத்தைப் பார்த்திருக்கிறான்.

"துணி கட்டியிருந்தும் நான்தான்னு மனசிலாச்சு அவனுக்கு. 'தேவசிங் அண்ணா, அப்பாவ விடுங்கண்ணா, நாங்க ஆருட்டயும் சொல்லமாட்டோம், அம்மா தனியா இருக்கா'ன்னான். அதான் கடைசி."

அதற்குப் பிறகு அவன் சும்மா இருந்திருக்கலாம். கேட்ட கேள்விக்குப் பதில் வந்தாயிற்று. நான் மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை. ஆனால் அவன் நிறுத்தவில்லை.

"நான் குடிச்சிருக்கல்ல மேடம். கோவத்துலயும் இல்ல. கொஞ்ச நேரம் அப்படியே நின்னேன். பயலுக்கு என்னத் தெரிஞ்சுபோச்சு, விட்டா கோர்ட்டுல வந்து நிப்பான்னு யோசிச்சேன். யோசிச்சுட்டுதான் வெட்டினேன். இத எழுதிக்கிடுங்கோ."

உங்களில் சட்டம் படித்தவர்களுக்குத் தெரியும், இது எவ்வளவு பெரிய வார்த்தை என்று. வெறியில் செய்தேன், போதையில் செய்தேன் என்றால் நீதிபதிகள் கொஞ்சம் இரங்குவார்கள். யோசித்துச் செய்தேன் என்பது கயிற்றுக்கு முடிச்சுப் போட்டுக் கொடுப்பது. உண்மையைச் சொல்லி இரக்கம் சம்பாதிக்க நினைத்த ஒருவன் பையனின் வார்த்தையோடு நிறுத்தியிருப்பான். கண்ணீர் வேறு விட்டிருப்பான். இவன் விடவில்லை. சரி, இதுவும் ஒரு கணக்காக இருக்கக்கூடாதா என்று நீங்கள் கேட்கலாம். நானும் பல நாள் கேட்டுக்கொண்டேன். இருக்கலாம். ஒருவன் நெஞ்சைப் பிளந்து பார்க்கிற கருவி நம் அலுவலகத்தில் இல்லை.

வெளியே வந்து வாசலில் கொஞ்ச நேரம் நின்றேன். மறப்பதற்கு முன் அவன் சொன்னதை அப்படியே எழுதிக்கொண்டேன்.

அன்றைக்கு ஆரம்பித்தது தொல்லை. விஷயம் தெரிந்து அவன் வக்கீல் போனில் கூப்பிட்டார். என் கட்சிக்காரனை நீங்களே தூக்கில் ஏற்றிவிட்டீர்கள் என்று கத்தினார். அவருடைய கோபத்தில் தப்பே இல்லை. மேலதிகாரி முதலில் அந்தப் பகுதியை நீக்கச் சொன்னார். பிறகு யோசித்து, சரி, அதை வைத்துக்கொண்டு 'திருந்திவிட்டான்' என்று முடியுங்கள் என்றார். நான் நீக்கவும் இல்லை, அப்படி முடிக்கவும் இல்லை. தட்டை வீசினவன் சொன்னதை எழுதினேன், அவன் சுவரோடு ஒட்டிப் படுப்பதையும் சேர்த்து. லீலாபாய் தூக்கு கேட்டதை எழுதினேன். நான் தேவசிங்கை எச்சரித்ததை எழுதினேன். பிறகு அவன் சொன்னதை அவன் சொன்னபடியே எழுதினேன். திருந்தினான் என்ற சொல்லை எங்கேயும் போடவில்லை. அது நீதிபதிகள் போட வேண்டிய சொல். அவர்கள் போடுவதற்கு வேண்டியதையும், போடாமல் விடுவதற்கு வேண்டியதையும் முழுசாகக் கொடுப்பதுதான் நம் வேலை. மேலதிகாரி முகத்தைச் சுளித்துக்கொண்டே அனுப்பிவைத்தார்.

அனுப்பிய கையோடு லீலாபாய் வீட்டுக்குப் போனேன். கேட்டுவந்ததைச் சொன்னேன். 'அம்மா தனியா இருக்கா' என்ற இடத்தை அவர் மறுபடி சொல்லச் சொன்னார். சொன்னேன். 'அண்ணா' என்றா கூப்பிட்டான் என்று கேட்டார். ஆமாம் என்றேன். உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். நான் முற்றத்தில் வெகுநேரம் நின்றுவிட்டு வந்துவிட்டேன்.

மேல் நீதிமன்றத்தில் அரசு வக்கீலும் என் அறிக்கையைத்தான் படித்தார், அவன் வக்கீலும் என் அறிக்கையைத்தான் படித்தார். ஒரே பத்தியை. ஒருவர் இவனைவிடக் கொடியவன் உண்டா என்று கேட்க, மற்றவர் தன் உயிரைப் பணயம் வைத்து ஒரு தாய்க்குப் பதில் சொன்னவன் திருந்தவில்லை என்றால் திருந்துவது என்பது என்ன என்று கேட்டார். நீதிபதிகள் குற்றத்தை உறுதி செய்தார்கள். தூக்கை மட்டும் நீக்கினார்கள். சாகும்வரை சிறை, நடுவில் விடுதலை கிடையாது என்றார்கள்.

எனக்கு நிம்மதி வந்ததா என்றால், இல்லை. லீலாபாய் ஞாபகம்தான் வந்தது. தூக்குக்காக ஜெபித்தவர். அவர் கேட்டனுப்பிய கேள்விதான் அவனைக் காப்பாற்றிவிட்டது. கேள்வியைக் கொண்டுபோனவள் நான். யாரும் என்னைக் கூப்பிடவில்லை, ஆனாலும் தீர்ப்பு வந்த வாரமே போனேன். திட்டினால் நின்று கேட்டுக்கொள்வது என்று மனதைத் திடப்படுத்திக்கொண்டுதான் அந்தச் சாலையில் இறங்கினேன்.

அவர் தீர்ப்பைக் கேட்டிருந்தார். உட்காரச் சொன்னார், பால் சேர்க்காத கட்டன்சாயா போட்டுக் கொடுத்தார். உங்களுக்கு என்மேல் வருத்தம் இருக்கும் என்று நானே தொடங்கினேன். அவர் எழுந்துபோய்க் கொடியில் கிடந்த ஷீட் ஒன்றைத் திருப்பிப் போட்டார்.

"நான் அவன மன்னிக்கல்ல. ஒருநாளும் மன்னிக்கவும் மாட்டேன்," என்றார். "ஆனா மேடம், எனக்க மோன் கடைசியா பேசினத கேட்டவன் இந்த உலகத்துல அவன் ஒருத்தன்தான். அவனையும் கொன்னா, அத கேட்ட காது ஒண்ணுகூட மிச்சம் இல்ல. வெளிய வரண்டாம். ஆனா இருக்கட்டு. அங்கயே கெடந்து, நாளும் அதக் கேட்டுக்கிட்டு இருக்கட்டு."